சயாமில் ஒரு தர்மக் கட்சி

நேர்மையான ஆள் ஒருவர் தேர்தலில் நின்றால் ஜனங்கள் ஓட்டுப் போடுவார்களா, மாட்டார்களா? தோட்டத்துக் கோயில் கமிட்டி முதற்கொண்டு நம்மிடையே அடிபடும் கேள்விதான் இது. மலேசியாவின் வடக்கு எல்லையைத் தாண்டினால் சயாம் தேசம். அங்கே இதற்குப் பதில் தெரிய 8 ஆண்டுகள் போதுமானதாக இருந்தது.

கட்சியின் பெயர் 'பலாங் தாம்'. உரக்கச் சொல்லிப் பாருங்கள், நம் 'பலம்', 'தர்மம்' இரண்டும் காதில் விழும். தர்மத்தின் பலம் என்பதே பொருள். 1988இல் இதைத் தொடங்கியவர் சம்லோங் ஸ்ரீமுவாங். பட்டாளத்தில் மேஜர் ஜெனரலாக இருந்தவர். நாளைக்கு ஒரே வேளைச் சாப்பாடு, அதுவும் சைவம். மனைவி இருந்தும் பிரம்மச்சரிய விரதம். குடியானவர் போடும் நீலச் சட்டைதான் உடுப்பு. 1985இல் பாங்காக் நகர ஆளுநர் தேர்தலில் வென்றார். 1990இல் மறுபடியும் வென்றார். இலஞ்சம் வாங்காதவர் என்ற பெயரே அவருடைய முதல்.

கட்சிக்கோ 1988 பொதுத் தேர்தலில் கிடைத்தவை 14 இடங்கள்தாம். 1992 மார்ச்சில் 41. இதில் ஒன்றைக் கவனியுங்கள்: பாங்காக்கின் 35 இடங்களில் 32 இந்தக் கட்சிக்கு! மற்ற மாகாணங்கள் எல்லாம் சேர்ந்து கொடுத்தவை 9.

கிராமத்தார் தர்மத்தை வெறுத்தார்கள் என்று நினைத்துவிடாதீர்கள். அங்கே ஓட்டுச் சேகரிக்கும் உள்ளூர்ப் புள்ளி தேர்தல் நாளில் பணம் கொடுப்பதோடு நிற்பதில்லை. சாவு வீட்டுக்கு வருவான், ஆஸ்பத்திரிக்கு வண்டி பிடித்துக் கொடுப்பான். பாங்காக்கில் ஒருவர் ஒரு வேளை சாப்பிட்டால் அந்தக் குடியானவனுக்கு என்ன ஆயிற்று?

பிறகு வந்தது அந்த மே மாதம். 1991இல் ஆட்சியைக் கவிழ்த்த தளபதிகளில் ஒருவரான சுசிந்தா, பிரதமர் பதவி வேண்டாம் என்று சொல்லியிருந்தும் 1992 ஏப்ரலில் அதில் அமர்ந்தார். சம்லோங் உண்ணாவிரதம் இருந்தார். இலட்சக்கணக்கில் ஜனங்கள் தெருவுக்கு வந்தனர். பட்டாளம் சுட்டது, 50 பேருக்கு மேல் மாண்டனர். மே 20 இரவு மன்னர் இருவரையும் அழைத்துக் கண்டித்ததைத் தொலைக்காட்சியில் நாடே பார்த்தது. சில நாளில் சுசிந்தா விலகினார்.

இனி இந்தக் கட்சியை யாரும் அசைக்க முடியாது என்றுதானே தோன்றும்? செப்டம்பரில் மறு தேர்தல் நடந்தது. மொத்த இடங்கள் 47 ஆக உயர்ந்தன. ஆனால் சொந்தக் கோட்டையான பாங்காக்கில் 32 என்பது 23 ஆகக் குறைந்தது. "ஜனங்களைச் சாகக் கூட்டிப் போனவர்" என்ற பேச்சு நகரத்தில் பரவியிருந்தது. பிள்ளையைப் பறிகொடுத்த வீட்டில் அந்தப் பேச்சுக்கு யார் பதில் சொல்ல முடியும்?

அப்புறம் சறுக்கல்தான். ஆளுங்கூட்டணியில் சேர்ந்தார்கள், உள்ளுக்குள் சண்டை போட்டார்கள். 1995இல் தலைமை ஒரு கோடீஸ்வரரிடம் போயிற்று. அவர்தான் தக்சின் ஷினவத்ரா. தர்மக் கட்சிக்குத் தொலைபேசி வியாபாரி தலைவர்! பாங்காக்கின் வாகன நெரிசலை 6 மாதத்தில் தீர்ப்பேன் என்றார். நெரிசல் அப்படியேதான் இருந்தது. அவ்வாண்டுத் தேர்தலில் 23 இடங்கள். 1996இல் ஒன்றே ஒன்று! வென்றவர் சுதாரத் என்ற பெண்மணி.

ஒரு மனிதரின் நற்பெயரை ஓட்டாக மாற்றிய கட்சிக்கு, கிளை என்றும் கிராமம் என்றும் சொல்லிக்கொள்ள அதிகம் இல்லை. தக்சின் அதைக் கண்ணால் பார்த்தவர். 1998இல் 'தாய் ராக் தாய்' என்று புதுக்கட்சி கண்டு, கிராமத்துக் கடனையும் வைத்தியத்தையும் பேசினார். 2001இல் 500 இடங்களில் 248 பிடித்துப் பிரதமரானார்.

2006இல் அவரை இறக்கக் கோரி பாங்காக் தெருவில் உட்கார்ந்த தலைவர்களில் ஒருவர், அவரை அரசியலுக்கு அழைத்து வந்த அதே சம்லோங்.