வீட்டுச் சிறையும் சிறையே!

தோட்டத் தொழிலாளருக்காகப் பேசினார் என்பதற்காகப் பிரேஸ்கேர்டில் என்னும் வெள்ளையரை நாடு கடத்தத் தேசாதிபதி ஸ்டப்ஸ் கட்டளையிட்டார். 1937ஆம் ஆண்டு மே மாதம் ஆட்கொணர்வு மனு நீதிமன்றம் ஏறியது. பிரதம நீதியரசர் ஏபிரகாம்ஸும் உடனிருந்த நீதியரசர்களும் அவரை விடுவித்தனர். தேசாதிபதியையே தடுத்து நிறுத்திய அந்த மனுவை மலையகம் மறக்கலாகாது.

ஆனால், சிறை வைப்பவர் பெற்ற தகப்பனாயின்? அப்பொழுது மட்டும் நமது நா மடங்கிவிடுகின்றது! பொல்பிட்டியவிலே வயது வந்த பெண்ணொருத்தியை, விரும்பியவனோடு போய்விடுவாள் என்றஞ்சி லயத்துக் காம்பராவில் பூட்டி வைத்தால், அதற்குப் பெயர் பாசமாம். கேட்டால், வீட்டு விவகாரமாம்!

சட்டம் அவ்வாறு கூறவில்லை. அரசியலமைப்பின் 141ஆம் உறுப்புரை பொதுக் கட்டுக்காவலை மட்டுமன்றித் தனியார் கட்டுக்காவலையும் குறிப்பிடுகின்றது. தனியார் என்ற சொல்லுக்குள் தகப்பனும் தமையனும் அடங்காரோ? 1987ஆம் ஆண்டின் 13ஆவது திருத்தம் அவ்வதிகாரத்தை மாகாண மேல் நீதிமன்றத்துக்கும் வழங்கியது. கொழும்புக்கு ஓட வேண்டியதில்லை. பராய வயது 18 என்று 1989இலேயே சட்டமாயிற்று.

இந்தியாவில் இம்மனு பட்ட பாட்டையும் பார்ப்போம். சேலத்தில் ஹோமியோபதி பயின்ற கேரளத்து ஹாதியா மதம் மாறினார், மணம் புரிந்தார். தந்தை ஆட்கொணர்வு மனுச் செய்தார். 24 வயதுப் பெண் பலவீனமானவள் என்று கூறிய கேரள உயர் நீதிமன்றம், 2017 மே மாதம் மணத்தைச் செல்லாதென அறிவித்து அவரைத் தந்தை வீட்டுக்கு அனுப்பியது. சிறைக் கதவைத் திறக்கப் பிறந்த மனு சிறையைக் கட்ட உதவிய கொடுமையை என்னென்பது! நவம்பரில் உச்ச நீதிமன்றத்தில் நின்று தமக்கு விடுதலை வேண்டுமென்றார் அப்பெண். 2018 மார்ச் 8ஆம் நாள் கேரளத் தீர்ப்புத் தள்ளுபடியாயிற்று.

சென்னையில் 2025 மே மாதம் வந்த மனுவோ 25 வயதுப் பெண்ணைப் பற்றியது. மனுச் செய்தவள் அவளை நேசித்த மற்றொரு பெண். வீட்டார் அடித்ததையும் சடங்குகள் செய்வித்ததையும் அவளே நீதிபதிகளிடம் கூறினாள். நீதிபதிகள் அவளை விடுவித்தனர், வீட்டார் தலையிடலாகாதென்றனர், கடமை தவறிய பொலிசாரையும் கண்டித்தனர். பெண் பெண்ணை நேசிப்பதா என்று முகஞ்சுளிப்போர் சுளிக்கட்டும். பூட்டுக்கு அது நியாயமாகுமா?

பெற்ற வயிறு பதறுவதை நாம் ஏளனம் செய்யவில்லை. புத்தி சொல்லலாம், அழலாம், பேசாதுமிருக்கலாம். கதவை அடைத்துவிட்டுக் குடும்ப மானம் என்றால், சாதி மானம் என்றால், நாம் அதை ஏற்கமாட்டோம். காணாமற் போன பிள்ளைகளுக்காக இதே மனுவைத் தூக்கிக்கொண்டு நீதிமன்றப் படியேறிய இனம் நாம்!

அற்றன் சட்டத்தரணிகளையும் தோட்டத் தலைவர்மாரையும் கேட்கின்றோம்: இத்தகைய செய்தி காதில் விழுந்தால் பஞ்சாயத்துக் கூட்டாதீர்கள். பொலிசாரே, புகார் வந்தால் பெண்ணைப் பெற்றோர் கையில் ஒப்படைத்துவிட்டுக் கோவையை மூடாதீர்கள். இந்திய உச்ச நீதிமன்றம் 2024இல் வகுத்த நெறியின்படி, வீட்டார் அருகில் இல்லாத அறையிலே அவளைத் தனியே கேளுங்கள். அவள் எங்கே போக விரும்புகின்றாளோ அங்கே போகவிடுங்கள்.