கதையும் வேண்டும், கணக்கும் வேண்டும்

“பாடப்புத்தகத்தைத் தவிர்த்து நீங்கள் கடைசியாக வாசித்த நூல் எது?”

நான் முதலாம் ஆண்டு மாணவனாக இருந்தபோது, நமது கழகத்தின் அறிமுக நிகழ்வில் மூத்த மாணவர் ஒருவர் கேட்ட கேள்வி இது. வாய்க்கு வந்த ஒரு தன்முனைப்பு நூலின் பெயரைச் சொல்லித் தப்பித்துக்கொண்டேன். உண்மையில் அந்நூலில் நான் வாசித்திருந்தது அட்டையும் முன்னுரையும்தான். அன்றிரவு விடுதி அறையில் யோசித்துப் பார்த்தேன். தமிழ்ப்பள்ளியில் ஆறாம் ஆண்டு வரை கதைப்புத்தகங்களை விரும்பி வாசித்தவன் நான். இடைநிலைப்பள்ளிக்குப் போன பிறகு தமிழ் என்பது பள்ளி முடிந்த பின் நடக்கும் ஒரு வகுப்பாகிவிட்டது. மலாய் நாவலும் ஆங்கிலச் சிறுகதையும் தேர்வில் வரும் கேள்விகளாகிவிட்டன. மூன்று மொழிகள் எனக்குத் தெரியும்; ஆனால் மூன்றிலும் நான் வாசகன் அல்லன்.

நம்மில் பலரின் நிலை இதுதானே, நண்பர்களே? வாசிப்பவர்களிலும் ஒரு பிரிவினை உண்டு. ‘நாவல் எல்லாம் பொழுதுபோக்கு, அறிவு வளர வேண்டுமானால் வரலாறும் பொருளாதாரமும் படி’ என்பார் ஒருவர். ‘புள்ளிவிவரம் யாருக்கு வேண்டும், கதைதான் மனத்தைத் தொடும்’ என்பார் இன்னொருவர். ‘தமிழ் நூலை மட்டும் வாசித்தால்தான் தமிழ்ப்பற்று’ என்பாரும் உண்டு. இந்த மூன்று பேச்சும் அரை உண்மைகள் என்பது என் கருத்து. அதை எனக்குக் காட்டியது ஒரு ரயில் பாதை.

நான் கணக்கியல் மாணவன். இரண்டாம் ஆண்டில் ஒரு பணிக்கட்டுரைக்காக நூலகத்துக்குப் போனவன், வழி தவறித் தமிழ் நூல்கள் இருக்கும் அடுக்கின் முன் நின்றேன். ஆர். சண்முகம் எழுதிய ‘சயாம் மரண ரயில்’ கண்ணில் பட்டது. 1993இல் வெளிவந்த மலேசிய நாவல். ‘சயாம்’ என்ற சொல்தான் என்னைக் கையை நீட்ட வைத்தது. ஏனென்றால், தீபாவளிக்கு முதல் நாள் எங்கள் வீட்டில் முன்னோருக்குப் படையல் போடும்போது பாட்டி ஓர் இலை அதிகமாகப் போடுவார். யாருக்கு என்று கேட்டால், “சயாமுக்குப் போன எங்க பெரியப்பாவுக்கு” என்பார். சிறுவயதில், அவர் சிங்கப்பூருக்கு வேலைக்குப் போவதுபோல் எங்கோ போனவர் என்றுதான் நினைத்திருந்தேன்.

நாவலை இரண்டு இரவுகளில் முடித்தேன். தோட்டத்துத் தமிழர்கள் காட்டில் பட்ட பாடு நெஞ்சை அடைத்தது. ஆனால், எனக்குள் இருந்த கணக்கியல் மாணவன் கேட்டான்: இது எவ்வளவு பெரியது? எத்தனை பேர்? எத்தனை நாள்?

வரலாற்று நூல்களைத் தேடினேன். 1942ஆம் ஆண்டின் நடுவில் தொடங்கி 1943 அக்டோபரில் முடிந்த 415 கிலோமீட்டர் பாதை அது. தாய்லாந்தின் பான் போங்கிலிருந்து பர்மாவின் தன்பியூசயாட் வரை சென்றது. ஏறத்தாழ 60,000 நேச நாட்டுப் போர்க்கைதிகள் அதில் வேலை செய்தனர். அவர்களில் 12,000க்கும் மேற்பட்டோர் மடிந்தனர். ஆசியத் தொழிலாளர்களோ ஒன்றே முக்கால் லட்சத்துக்கும் மேல். மாண்டவர்கள் ஏறத்தாழ 90,000 பேர் என்பது பரவலாகச் சொல்லப்படும் மதிப்பீடு. ‘மதிப்பீடு’ என்ற சொல்லில்தான் நான் நின்றுவிட்டேன். காஞ்சனாபுரிப் போர்க் கல்லறைத் தோட்டத்தில் ஏறத்தாழ 7,000 போர்க்கைதிகள் வரிசை வரிசையாக அடக்கம் செய்யப்பட்டிருக்கிறார்கள். நம்மவர்களில் பெரும்பாலோருக்குக் கல்லறையும் இல்லை, பெயர்ப் பட்டியலும் இல்லை. உலகப்புகழ் பெற்ற குவாய் நதிப் பாலம் திரைப்படம் 1957இல் வந்தது. அதிலும் போர்க்கைதிகளின் கதைதான்.

வரலாற்று நூல் எனக்கு அளவைக் காட்டியது. நாவல் அந்த எண்ணுக்குள் இருந்த மனிதனைக் காட்டியது. ஒன்றை மட்டும் வாசித்திருந்தால் வெறும் கண்ணீரோடு நின்றிருப்பேன், அல்லது வெறும் அட்டவணையோடு நின்றிருப்பேன்.

அதன்பின் என் வாசிப்பு ஒரு நூலிலிருந்து இன்னொரு நூலுக்குத் தாவத் தொடங்கியது. அதே ரயில் பாதையைப் பற்றிய அ. ரெங்கசாமியின் ‘நினைவுச் சின்னம்’. நம்மவர்கள் இந்நாட்டுக்கு எப்படி வந்தார்கள் என்பதை 1786 முதல் 1957 வரை ஆராயும் கெர்னியல் சிங் சாந்துவின் ஆங்கில நூல். அது 1969இல் வெளிவந்தது. கே. எஸ். மணியம் ஆங்கிலத்தில் எழுதிய ‘தி ரிட்டர்ன்’ (1981) நாவலில், தமிழ்ப்பள்ளியில் தொடங்கி ஆங்கிலப் பள்ளிக்கு மாறும் ரவி, படிப்படியாகத் தன் வீட்டாருக்கே அந்நியனாகிறான். அதை வாசித்தபோது, படிவம் ஒன்றில் நண்பர்கள் முன்னிலையில் அம்மாவிடம் தமிழில் பேசக் கூச்சப்பட்டது நினைவுக்கு வந்து தலைகுனிந்தேன். ஷானோன் அகமட்டின் ‘ராஞ்சாவ் செப்பாஞ்சாங் ஜாலான்’ (1966) நாவலில், கெடா நெல்வயலில் லாஹுமாவின் காலில் முள் குத்தி, அந்தக் குடும்பமே நிலைகுலைந்து போகிறது. வறுமை என்றால் அது தோட்டத்து லயத்தில் மட்டும் இருந்தது என்று எண்ணியிருந்த என் எண்ணத்தை அந்நூல் மாற்றியது. ‘தமிழ் நூல் மட்டும்’ என்று கதவைச் சாத்தியிருந்தால், அண்டை வீட்டாரின் துயரம் எனக்குத் தெரியாமலே போயிருக்கும். அதேபோல், தமிழை விட்டிருந்தால் என் சொந்த வீட்டின் துயரம் தெரியாமல் போயிருக்கும்.

“பாடத்துக்கே நேரம் போதவில்லை” என்று சிலர் சொல்லக்கூடும். உண்மைதான். ஆனால் கைத்தொலைபேசிக்கு நேரம் கிடைக்கிறதே! நான் கேட்பது அதிகமன்று. ஒரு பருவத்துக்கு மூன்று நூல்கள்: ஒரு கதை நூல், ஒரு கட்டுரை அல்லது வரலாற்று நூல், வேற்று மொழி நூல் ஒன்று. அவை ஒரே பொருளைப் பற்றியவையாக இருந்தால் இன்னும் நல்லது. நமது கழகமும் நாடகம், விவாதம், கலை இரவு ஆகியவற்றுக்கு எடுக்கும் முயற்சியில் ஒரு பங்கைக் கழக அறையில் ஒரு புத்தக அடுக்கு வைக்கச் செலவிடலாம். பட்டம் பெற்றுச் சென்ற அண்ணன்மார்களும் அக்காமார்களும் ஆளுக்கொரு நூல் தந்தாலே அது நிறைந்துவிடும்.

வாசிப்பு எனக்குத் தந்த பெரிய பயன் தேர்வில் கிடைத்ததன்று. கடந்த விடுமுறையில் பாட்டியின் அருகில் அமர்ந்து கேட்டேன்: பெரியப்பாவை எந்தத் தோட்டத்திலிருந்து கொண்டு போனார்கள்? தாமே போனாரா, பிடித்துக்கொண்டு போனார்களா? கூடப் போனவர்களில் யாராவது திரும்பி வந்தார்களா? பாட்டி என்னை வியப்போடு பார்த்தார். “இதெல்லாம் உனக்கு எப்படிய்யா தெரியும்? இத்தனை வருசமா யாருமே கேட்டதில்லையே” என்றார். பாட்டி பிறப்பதற்கு முன்பே போனவர் அவர். தம் தகப்பனார் சொல்லிக் கேட்டதையெல்லாம் பாட்டி சொன்னார். மூன்று மாதத்தில் திரும்பிவிடலாம் என்று சொல்லி அழைத்துப் போனார்களாம். ஒருவர் மட்டும் கால் புண்ணோடு திரும்பி வந்தாராம்; சாகும்வரை அந்தக் காட்டைப் பற்றி வாய் திறக்கவில்லையாம்.

கேட்கத் தெரியாததால்தான் நான் இதுவரை கேட்கவில்லை. நம் வீட்டுப் பெரியவர்கள் இருக்கும்போதே அவர்களிடம் என்ன கேட்க வேண்டும் என்பதை அறிந்துகொள்ளவாவது நாம் வாசிக்க வேண்டும்.

இருபத்திரண்டு ஆண்டுகளாக நான் ‘சயாமுக்குப் போனவர்’ என்று மட்டுமே அறிந்திருந்த அவரின் பெயரை அன்றுதான் முதன்முறையாகக் கேட்டேன். என் குறிப்பேட்டின் முதல் பக்கத்தில் அதை எழுதி வைத்திருக்கிறேன்.