உழவன் நிலத்தில் யார் சொல் செல்லும்?

1955-ஆம் ஆண்டு ஜனவரி மாதம் ஆவடியில் காங்கிரஸ் மகாசபை கூடியது. யு.என். தேபர் தலைமை வகித்தார். சோஷலிச மாதிரியிலான சமுதாயம் அமைப்பதே நாட்டின் குறிக்கோள் என்று அங்கே தீர்மானம் நிறைவேறியது. ஆவடியின் பெயர் இந்திய சரித்திரத்தில் ஏறியது அந்தத் தீர்மானத்தால்தான். அத்தியாவசியப் பண்டங்கள் சட்டமும் அதே ஆண்டில் பிறந்தது. விளைந்த நெல்லை யார் எவ்வளவு வைத்திருக்கலாம், எங்கே கொண்டு போகலாம், என்ன விலைக்கு விற்கலாம் என்று உத்தரவு போடும் அதிகாரத்தை அது அரசாங்கத்துக்குத் தந்தது.

நான்கு ஆண்டு கழித்து, 1959 ஜனவரியில், நாகபுரி மாநாடு இன்னும் ஒரு படி மேலே போயிற்று. நிலங்களை ஒன்று சேர்த்துக் கூட்டுறவு முறையில் சாகுபடி செய்ய வேண்டும் என்று அது தீர்மானித்தது. நிலத்தின் பேரில் உரிமை உழவனுக்கே இருக்கும், அதற்கு ஏற்ற பங்கும் கிடைக்கும் என்றுதான் தீர்மானம் சொன்னது. ஆனால் என்ன பயிர் வைப்பது, எப்போது அறுப்பது என்று முடிவு செய்வது யார்? வரப்பைக் கலைத்த பிறகு பட்டாவில் பெயர் இருந்து என்ன பயன்? விவசாயிகள் கேட்ட கேள்வி இதுதான்.

அந்தக் கேள்வியைக் கையில் எடுத்துக்கொண்டு 1959 ஜூன் மாதம் சென்னையில் சுதந்திராக் கட்சி பிறந்தது. அப்போது ராஜாஜிக்கு வயது 80. ஆந்திரத்து விவசாயத் தலைவர் என்.ஜி. ரங்கா கட்சித் தலைவரானார். மினு மசானி பொதுச் செயலாளரானார். 1967 தேர்தலில் அந்தக் கட்சி மக்களவையில் 44 இடம் பெற்றது. 1974-ல் பாரதிய லோக்தளத்தில் கலந்து மறைந்தது. கட்சி மறைந்தாலும் அது எழுப்பிய கேள்வி மறையவில்லை. பூந்தமல்லியிலிருந்து திருவள்ளூர் வரை நிலம் வைத்திருப்பவர் ஒவ்வொருவரும் அந்தக் கேள்வியோடுதான் இன்றும் வாழ்கிறார்.

கொள்கை என்ன சொல்கிறது?

மேல்நாட்டில் லிபர்டேரியனிசம் என்றும், தமிழில் சுதந்திரவாதம் என்றும் சொல்லப்படும் அரசியல் தத்துவம் ஒன்று உண்டு. இந்தியாவில் சுதந்திராக் கட்சி அதற்கு மிக அருகில் வந்தது எனலாம். பெயர் புதிதாகத் தோன்றினாலும் விஷயம் விவசாயிக்குப் புதிதல்ல. மூன்று வரியில் சொல்லிவிடலாம். ஒருவன் உடலும் உழைப்பும் அவனுக்கே சொந்தம். பிறரை ஏமாற்றாமலும் பலாத்காரம் செய்யாமலும் அவன் சேர்த்ததும் அவனுக்கே சொந்தம். அந்த உரிமையைக் காப்பதே அரசாங்கத்தின் முதல் வேலை. அதற்கு மேல் கைநீட்டும் ஒவ்வொரு முறையும் அரசாங்கம் காரணம் காட்டியாக வேண்டும்.

இதற்கு வித்திட்டவர்களில் ஒருவர் 17-ஆம் நூற்றாண்டு ஆங்கிலேயரான ஜான் லாக். யாருக்கும் சொந்தமில்லாத நிலத்தில் ஒருவன் தன் உழைப்பைக் கலக்கும்போது அது அவனுடையதாகிறது என்றார். கூடவே ஒரு நிபந்தனையும் வைத்தார். மற்றவர்களுக்கும் போதுமான அளவு, அதே தரத்தில், மிஞ்சியிருக்க வேண்டும் என்பதே அது. கொள்கையைச் சொல்பவர்கள் பலர் இந்த நிபந்தனையை மறந்துவிடுகிறார்கள்.

ஆஸ்திரியாவில் பிறந்த பொருளாதார அறிஞர் ஹாயெக் 1945-ல் எழுதிய கட்டுரையில் வேறொரு நியாயத்தைச் சொன்னார். ஒரு நாட்டின் தொழிலை நடத்தத் தேவையான அறிவு எந்த ஓர் அலுவலகத்திலும் குவிந்திருப்பதில்லை. அது லட்சக்கணக்கான மனிதர்களிடம் துண்டு துண்டாகச் சிதறிக் கிடக்கிறது. விலை என்பது அந்தத் துண்டுகளை இணைக்கும் செய்தி என்பது அவர் வாதம். எந்த வயல் களர், எந்த மடையில் தண்ணீர் கடைசியாக வரும் என்பது உழவனுக்குத் தெரியும். கோட்டையில் உள்ள கோப்புக்குத் தெரியாது. அமெரிக்கப் பேராசிரியர் ராபர்ட் நோசிக் 1974-ல் வெளியிட்ட நூல், காவல், நீதி, ஒப்பந்தப் பாதுகாப்பு ஆகியவற்றோடு அரசாங்கம் நின்றுகொள்ள வேண்டும் என்று வாதிட்டது.

தமிழ்நாட்டு அனுபவம்

இந்த வாதத்தைத் தமிழ்நாட்டு விவசாயி புத்தகத்தில் படித்து அறியவில்லை. 1952-ல் முதலமைச்சரான ராஜாஜி, யுத்த காலத்திலிருந்து நீடித்த உணவுக் கட்டுப்பாட்டைச் சென்னை ராஜ்யத்தில் எடுத்தார். பஞ்சம் வரும் என்று பலர் பயமுறுத்தினார்கள். பதுங்கியிருந்த தானியம் சந்தைக்கு வந்தது. பின்னால், 1960-களிலும் 70-களிலும், மறுபடியும் கட்டுப்பாடு திரும்பியது. லெவி நெல் கொடுக்க வேண்டியிருந்தது. தஞ்சை நெல்லை மாவட்டம் தாண்டிக் கொண்டுபோக பர்மிட் வேண்டியிருந்தது. தன் வயலில் விளைந்த மூட்டையை லாரியில் ஏற்றிய விவசாயி, சோதனைச் சாவடியில் கடத்தல்காரன்போல் நிற்க நேர்ந்தது.

சந்தன மரத்தின் கதை இன்னும் தெளிவானது. வெகுகாலம் பட்டா நிலத்தில் முளைத்த சந்தன மரம்கூட நிலத்துக்காரருக்கு முழுச் சொந்தமாக இருக்கவில்லை. மரத்தால் வருமானம் இல்லை, வழக்கும் தொல்லையும்தான் மிச்சம் என்றால் யார் நடுவார்கள்? கன்று முளைத்தால் பிடுங்கி எறிவதே புத்திசாலித்தனம் என்றாயிற்று. 2002-ல் தமிழ்நாட்டில் சட்டம் திருத்தப்பட்டு மரம் நிலத்துக்காரருக்குச் சொந்தம் என்றான பிறகே சந்தனக் கன்று நடும் ஆசை விவசாயிக்கு வந்தது. வெட்டவும் விற்கவும் இன்னும் வனத்துறையின் வழியாகத்தான் போக வேண்டும் என்பது வேறு விஷயம். உரிமை போனால் மரமும் போகும், உரிமை வந்தால் மரமும் வரும் என்பதற்கு இதைவிட நல்ல பாடம் கிடைக்காது.

நிலம் எடுக்கும் சட்டம்

மேற்குச் சென்னையில் இந்தக் கேள்வி நிலத்தின் உருவில் நிற்கிறது. அம்பத்தூரில் 1949-ல் சைக்கிள் தொழிற்சாலை வந்தது. 1964-ல் தொழிற்பேட்டை வந்தது. ஆவடியில் டாங்கித் தொழிற்சாலை வந்தது. வீட்டு வசதி வாரியத்தின் குடியிருப்புகளும் தொடர்ந்தன. ஆயிரக்கணக்கானோருக்கு வேலையும் வீடும் கிடைத்தன. அதை யாரும் மறுக்க முடியாது. ஆனால் பொது நோக்கம் என்று அரசாங்கம் சொல்லிவிட்டால் 1894-ஆம் ஆண்டு வெள்ளைக்காரன் சட்டத்தின்படி உழவனின் சம்மதம் தேவைப்படவில்லை. நஷ்ட ஈடு போதாது என்று கோர்ட்டு ஏறியவர்களின் வழக்குகள் பேரன் காலம் வரை இழுத்தன.

எடுத்த நிலம் உபயோகமில்லாமல் கிடந்தால் பழைய சொந்தக்காரருக்குத் திருப்பித் தரலாம் என்று 1997-ல் தமிழ்நாடு அரசு அந்தச் சட்டத்தில் 48-பி என்ற பிரிவைச் சேர்த்தது. நல்ல பிரிவுதான். ஆனால் தரலாம் என்று இருந்ததே தவிர, தர வேண்டும் என்று இல்லை. கேட்கும் உரிமை விவசாயிக்கு; கொடுக்கும் மனம் அதிகாரிக்கு.

2014 ஜனவரி முதல் அமலுக்கு வந்த 2013-ஆம் ஆண்டு மத்தியச் சட்டம் நிலைமையைப் பெரிதும் மாற்றியது. நிலத்தின் மதிப்புக்குச் சமமான தொகை ஆறுதலாகக் கூடச் சேரும். தனியார் கம்பெனிக்கு எடுத்தால் 80 சதவீதம் பேரின் சம்மதம் வேண்டும். சமூகப் பாதிப்பு ஆய்வு நடத்த வேண்டும். ஆனால் தொழிலுக்கும் நெடுஞ்சாலைக்கும் நிலம் எடுக்கத் தமிழ்நாட்டுக்குத் தனிச் சட்டங்கள் உண்டு. நஷ்ட ஈட்டுக் கணக்குப் புதிய சட்டப்படி என்றாலும், சம்மதமும் பாதிப்பு ஆய்வும் அவற்றில் இல்லை. 2019-ல் சென்னை உயர்நீதிமன்றம் இந்த ஏற்பாடு செல்லாது என்றது. மாநில அரசு புதுச் சட்டம் இயற்றி அதை உயிர்ப்பித்தது. 2021-ல் உச்ச நீதிமன்றம் அதை ஏற்றது. 2022-ல் பரந்தூர் விமான நிலையம் அறிவிக்கப்பட்டபின் ஏகனாபுரம் மக்கள் நாள்தவறாமல் கூடிப் போராடியதன் பின்னணி இதுதான். நஷ்ட ஈடு எவ்வளவு என்பது மட்டுமா அவர்கள் கவலை? விற்க மாட்டேன் என்று சொல்ல உரிமை உண்டா என்பதே மூலக் கேள்வி.

சொத்துரிமை 1978 வரை அடிப்படை உரிமையாக இருந்தது. ஜனதா ஆட்சியில் வந்த 44-வது திருத்தம் அதைச் சாதாரணச் சட்ட உரிமையாக்கியது. சுதந்திராக் கட்சியினர் கலந்த லோக்தளமும் அந்த ஜனதாவில் ஒரு பங்கு என்பது சரித்திரத்தின் விசித்திரம். ஆனாலும் உரிமை செத்துவிடவில்லை. இமாசலப் பிரதேசத்தில் 1967-ல் சாலைக்கு நிலம் இழந்து நஷ்ட ஈடே பெறாத, எழுத்தறிவில்லாத ஒரு மூதாட்டியின் வழக்கில், சட்டத்தின் துணையின்றி அரசாங்கம் யார் நிலத்தையும் பறிக்க முடியாது என்று 2020-ல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

கொள்கைக்கும் எல்லை உண்டு

இவ்வளவும் கேட்டு, அரசாங்கம் எதிலும் தலையிடக் கூடாது என்று கைதட்டுவது எளிது. அளவுகோல் ஒன்றுதான் என்றால் அதைத் தன் பக்கமும் வைத்துப் பார்க்க வேண்டும்.

இலவச மின்சாரம், மானிய உரம், கடன் தள்ளுபடி ஆகியவையும் பிறர் வரிப்பணம்தான். அரசாங்கம் என் விலையில் தலையிடாதே என்று காலையில் சொல்லி, என் பம்ப்செட் பில்லை நீ கட்டு என்று மாலையில் சொன்னால் வாதம் நொண்டும். விலையை அழுத்தியதற்கு ஈடாகத்தானே மானியம் என்று விவசாயி கேட்பதில் நியாயம் இருக்கிறது. அப்படியானால் இரண்டையும் சேர்த்தே பேச வேண்டும்.

இரண்டாவது விஷயம் பேரம் பேசும் பலம். 2020-ல் மத்திய அரசு மூன்று வேளாண் சட்டங்களைக் கொண்டுவந்தபோது, எங்கும் யாருக்கும் விற்கலாம் என்ற சுதந்திரத்தை மகாராஷ்டிரத்தில் சரத் ஜோஷி தொடங்கிய சேத்கரி சங்கட்டனா வரவேற்றது. பஞ்சாப் விவசாயிகள் டில்லி எல்லையில் ஓராண்டு உட்கார்ந்தார்கள். 2021-ல் சட்டங்கள் வாபஸ் ஆயின. கொள்முதல் நிலையம் போய்விட்டால் பெரிய கம்பெனி முன் தனியாக நிற்க வேண்டுமே என்பது அவர்கள் பயம். அந்தப் பயத்துக்குச் சுதந்திரவாதிகள் இன்னும் திருப்தியான பதில் சொல்லவில்லை. நிலமே இல்லாத கூலித் தொழிலாளிக்கு இந்தச் சொத்துரிமையால் என்ன லாபம் என்ற கேள்விக்கும் அப்படித்தான்.

மூன்றாவது, ஏரி. ஏரி எவருடைய பட்டாவும் அல்ல. அம்பத்தூர், கொரட்டூர், செம்பரம்பாக்கம் ஏரிகளில் கழிவைத் திறந்துவிடுவதோ கரையை வளைத்துக்கொள்வதோ சுதந்திரம் ஆகாது. அது அடுத்தவன் உரிமையைத் திருடுவது. கொரட்டூர் ஏரியில் கழிவுநீர் கலப்பது பசுமைத் தீர்ப்பாயம் வரை போனது. இங்கே அரசாங்கம் ஒதுங்கி நின்றால் அது சுதந்திரவாதத்துக்கே விரோதம். லாக் வைத்த நிபந்தனை இங்கேதான் பயன்படுகிறது.

பொதுச் சொத்தைக் காக்க அரசாங்கம் ஒன்றே வழி என்பதும் இல்லை. உத்திரமேரூர்க் கல்வெட்டு பத்தாம் நூற்றாண்டிலேயே ஏரி வாரியம் இருந்ததைச் சொல்கிறது. ஊரார் கூடி மதகும் கரையும் காத்தார்கள். ஊர் வழக்கமாயிருந்த குடிமராமத்தை 1858-ல் கும்பினி ஆட்சி கட்டாய உழைப்புச் சட்டமாக்கியது. பொதுச் சொத்தை மக்களே விதி வகுத்துக் காக்க முடியும் என்பதை ஆராய்ந்து காட்டிய எலினார் ஆஸ்ட்ரமுக்கு 2009-ல் நோபல் பரிசு கிடைத்தது.

ராஜாஜியும் ஏட்டுச் சுரைக்காய்ச் சுதந்திரவாதி அல்ல. 1937-ல் சேலத்தில் மதுவிலக்கைக் கொண்டுவந்தவர் அவரே. கடைசி வரை அதை விடவில்லை. அசல் சுதந்திரவாதி அதை ஒப்பமாட்டார். 1987 முதல் தமிழ்நாட்டில் கள் இறக்கத் தடை இருக்க, அரசாங்கமே மதுக்கடை நடத்துவது என்ன நியாயம் என்று தென்னை விவசாயி கேட்டால், அந்தக் கேள்விக்கு ராஜாஜி ஒரு பதிலும் நோசிக் வேறொரு பதிலும் சொல்வார்கள்.

விவசாயி செய்யக்கூடியது

ஒரு கொள்கையை முழுவதும் விழுங்க வேண்டியதில்லை. அது தரும் கேள்விகளைக் கையில் வைத்துக்கொண்டால் போதும். புதிய சட்டமோ திட்டமோ வரும்போது, எந்தக் கட்சி கொண்டுவந்தாலும், மூன்று கேள்வி கேட்கலாம். என் நிலத்தில் முடிவு செய்யும் உரிமை இதனால் கூடுகிறதா, குறைகிறதா? குறைந்தால் அதற்குச் சொல்லும் காரணம் பொதுநன்மையா, சிலருடைய லாபமா? எனக்குக் கேட்கும் உரிமையை அடுத்த வயல்காரனுக்கும், நிலமில்லாதவனுக்கும் கொடுக்கச் சம்மதமா?

பட்டா, சிட்டா, அடங்கல் ஆகியவற்றைத் தன் பெயரில் சரியாக வைத்திருப்பதும், நில எடுப்பு அறிவிப்பு வந்தால் கெடு முடியும் முன் ஆட்சேபணையை எழுத்தில் கொடுத்து ரசீது வாங்குவதும், கிராம சபையில் எழுந்து பேசித் தீர்மானத்தைப் பதிவு செய்யச் சொல்வதும் சின்னக் காரியங்கள்தாம். ஆனால் காகிதம் சரியாக இல்லாதவனின் உரிமைக்காக எந்தத் தத்துவமும் கோர்ட்டில் வந்து வாதாடாது.