எல்லாமே 'மஞ்சள் காமாலை'தானா? கொடைக்கானலில் ஒரு குறியீடு ஏன் முக்கியம்?

'காமாலைக் கண்ணுக்குக் கண்டதெல்லாம் மஞ்சள்' என்பது பழமொழி. மருத்துவமனைப் பதிவேடுகளுக்கும் இந்தப் பழமொழி பொருந்தும்.

கண்ணும் சிறுநீரும் மஞ்சளாகி, சாப்பாட்டைப் பார்த்தாலே குமட்டுகிறது என்று ஒருவர் வருகிறார். ரத்தத்தில் பிலிருபின் கூடியிருக்கிறது. சிகிச்சை முடிந்ததும் 'மஞ்சள் காமாலை' என்று சீட்டில் எழுதி அனுப்பிவிடுகிறார்கள். "காமாலைதானே, பத்தியம் இருந்தா சரியாயிடும்" என்று வீட்டிலும் விட்டுவிடுகிறார்கள். பெரும்பாலும் சரியாகியும் விடுகிறது. ஆனால், அந்தச் சீட்டில் எழுதாமல் விட்ட ஓர் எழுத்து, அதே தண்ணீரைக் குடிக்கும் இன்னொருவரைக் காப்பாற்றியிருக்கக்கூடும்.

குறியீடு என்ன சொல்கிறது?

உலக சுகாதார நிறுவனத்தின் பன்னாட்டு நோய் வகைப்பாட்டை மருத்துவர்கள் சுருக்கமாக 'ஐசிடி' என்பார்கள். 1893-ல் பெர்ட்டியோன் உருவாக்கிய இறப்புக் காரணப் பட்டியல்தான் இதன் தொடக்கம். 11-வது பதிப்பு 2022 ஜனவரி 1-ல் நடைமுறைக்கு வந்தாலும், 10-வது பதிப்பின் குறியீடுகளே இன்னும் பரவலாகப் புழங்குகின்றன.

அதன்படி, திடீரெனத் தாக்கும் ஹெபடைட்டிஸ் ஏ என்றால் பி15. ஹெபடைட்டிஸ் பி என்றால் பி16. சி என்றால் பி17.1, இ என்றால் பி17.2. வைரஸ்தான், ஆனால் எதுவென்று தெரியவில்லை என்றால் பி17.9. காரணமே தெரியாத வெறும் மஞ்சள் காமாலைக்கு ஆர்17. இந்தக் கடைசிக் குறியீடு நோயின் பெயரே அல்ல, அறிகுறியின் பெயர். எலிக்காய்ச்சல், பித்தப்பைக் கல், மது என எதனாலும் கண் மஞ்சளாகலாம்.

எழுத்து மாறினால் எல்லாம் மாறும்

ஏ, இ இரண்டும் மலக்கழிவு கலந்த தண்ணீர், உணவு வழியாகப் பரவுபவை. இந்த எழுத்தைப் பார்த்தால் குழாயையும் தொட்டியையும் பார்க்க வேண்டும். குளோரின் போட வேண்டும். பி, சி அப்படியல்ல. அவை ரத்தம், ஊசி, உடலுறவு, பிரசவம் வழியாகத் தொற்றுபவை. பி என்றால் வீட்டில் இருப்பவர்களைச் சோதித்துத் தடுப்பூசி போட வேண்டும். அது புதிய தொற்றா, 6 மாதங்களுக்கு மேல் நீடிக்கும் பழைய தொற்றா என்றும் பார்க்க வேண்டும். பழையது என்றால் குறியீடு பி18 ஆகிவிடும். நோயாளிக்குத் தொடர் கண்காணிப்பு தேவை. "நாட்டு மருந்து குடிச்சேன், போயிடுச்சு" என்று சொல்பவர்களில் பலருக்கு ஏ அல்லது இ வந்து தானாகவே அடங்கியிருக்கும். பி வந்தவர் அதே நம்பிக்கையில் இருந்துவிட்டால் கல்லீரல் சத்தமில்லாமல் கெடலாம்.

இ-யில் இன்னொரு ஆபத்து உண்டு. கர்ப்பத்தின் கடைசி மூன்று மாதங்களில் இது தாக்கினால் 20 முதல் 25 சதவீதம் பேர் வரை இறக்க நேரலாம் என்கிறது உலக சுகாதார நிறுவனம். ஒரு கிராமத்தில் பி17.2 பதிவானால், அங்குள்ள ஒவ்வொரு கர்ப்பிணி வீட்டுக்கும் செவிலியர் போயாக வேண்டும். வெறும் 'காமாலை' என்றால் யார் போவார்கள்?

மலையில் சிக்கல் இரட்டிப்பு

கொடைக்கானலின் மக்கள்தொகை 2011 கணக்கெடுப்பில் 36,501. சீசனில் வந்துபோகும் கூட்டத்துக்கு முன் இது சின்ன எண். ஹெபடைட்டிஸ் ஏ தொற்றி 14 முதல் 28 நாட்கள் கழித்தே நோய் தெரியும். இ-க்கு 2 முதல் 10 வாரங்கள். மே மாதம் ஒரே விடுதியில் தங்கி, ஒரே தொட்டித் தண்ணீரைக் குடித்த மூன்று குடும்பங்களை எண்ணிப் பாருங்கள். ஜூனில் ஒன்று மதுரையிலும், ஒன்று கோவையிலும், ஒன்று திருச்சூரிலும் படுத்துக்கிடக்கும். மூன்று ஊரிலும் 'காமாலை' என்றே எழுதினால், அந்தத் தொட்டி அடுத்த சீசனுக்கும் அப்படியே இருக்கும்.

குறியீட்டில் ஊர்ப் பெயர் இருக்காது. அதனால், 'கடந்த இரண்டு மாதங்களில் எங்கே தங்கினார்' என்ற ஒரு வரியும் சேர வேண்டும். உயர் நீதிமன்ற உத்தரவுப்படி 2024 மே 7 முதல் இங்கே இ-பாஸ் கட்டாயம். மலையேறும் வண்டிக்குக் கணக்கு இருக்கிறது. இறங்கிப்போகும் நோய்க்கு இல்லை. மலையில் கலக்கும் கழிவும் மலையோடு நிற்பதில்லை. ஏரி நிரம்பி வழியும் தண்ணீர்தான் வெள்ளி அருவியாகக் கொட்டுகிறது.

எழுத்து தெரியாமல் போனதற்கு டெல்லி உதாரணம். 1955-56-ல் கழிவு கலந்த யமுனைத் தண்ணீரால் சுமார் 29,000 பேருக்குக் காமாலை வந்தது. வெகு காலம் அது ஹெபடைட்டிஸ் ஏ என்றே கருதப்பட்டது. சேமித்து வைத்திருந்த ரத்த மாதிரிகளைப் பல ஆண்டுகள் கழித்துச் சோதித்தபோதுதான் அது இ என்று தெரிந்தது.

"டெஸ்ட்டுக்கு எங்க போறது?"

நியாயமான கேள்விதான். மன்னவனூரிலோ தாண்டிக்குடியிலோ இருப்பவரை ஒரு ரத்தப் பரிசோதனைக்காக மலையிறங்கச் சொல்வது கொடுமை. ஆனால், நோயாளி இறங்க வேண்டியதில்லை. ரத்த மாதிரி குளிர்பெட்டியில் இறங்கினால் போதும். எல்லோருக்கும் சோதனை தேவையும் இல்லை. ஒரே பகுதியில் அடுத்தடுத்து வரும் முதல் சிலருக்கு ஐஜிஎம் பரிசோதனை செய்தாலே வைரஸ் எதுவென்று தெரிந்துவிடும்.

2004-ல் தொடங்கிய ஒருங்கிணைந்த நோய்க் கண்காணிப்புத் திட்டத்தில் இதற்கான படிகள் ஏற்கெனவே உண்டு. களப்பணியாளர் அறிகுறியைப் பதிவு செய்வார். மருத்துவர் 'வைரஸ் ஹெபடைட்டிஸ்' என்று பதிவார். ஆய்வகம் ஏ-யா, இ-யா என்று சொல்லும். முதல் படியிலேயே நின்றுவிட்டால் மூன்றாவது படி இருந்தும் பயனில்லை.

"கோடு போடுறது இன்சூரன்ஸுக்குத்தானே" என்ற எண்ணமும் மாற வேண்டும். சோதிக்காமலே பி15 என்று ஊகித்து எழுதுவதும் தவறு. தெரியாதபோது பி17.9 என்று போடுவதுதான் நேர்மை. முடிவு வந்ததும் திருத்திக்கொள்ளலாம். திண்டுக்கல் மாவட்ட நிர்வாகம் சீசனுக்கு முன்பே மாதிரிகளை மலையிலிருந்து இறக்க வழி செய்ய வேண்டும். தனியார் கிளினிக்குகளும் தகவல் தர வேண்டும்.

நோயாளியின் வீட்டார் செய்யக்கூடியதும் ஒன்று உண்டு. சீட்டை வாங்கும்போது "எந்த வைரஸ், டாக்டர்?" என்று கேட்கலாம்.