போக்கிமோன் கோ பண்டமாற்று: 100 மீட்டர் விதி யாரைக் காக்கிறது?

மாதத்தில் ஏதாவது ஒரு சனி அல்லது ஞாயிறு, பிற்பகல் 2 மணியிலிருந்து 5 மணி வரை, நகரப் பூங்காக்களிலும் பேரங்காடி வாசல்களிலும் கைப்பேசியைக் குனிந்து பார்த்தபடி ஒரு கூட்டம் நிற்பதைப் பலரும் கண்டிருப்பார்கள். போக்கிமோன் கோ ஆட்டத்தின் 'கம்யூனிட்டி டே' அது. 5 மணிக்குப் பிடிக்கும் நேரம் முடிந்தாலும் கூட்டம் உடனே கலைவதில்லை. பக்கத்து மாமாக் கடையில் ஆளுக்கொரு தே தாரிக் வாங்கி வைத்துக்கொண்டு பேரத்தைத் தொடங்கிவிடுவார்கள். "உன்கிட்டதான் ரெண்டு இருக்கே, ஒண்ணு கொடேன்." "சும்மாவா? நீ என்ன தருவே?" பள்ளிச் சீருடை வயதுப் பையன்களும் நாற்பதைத் தாண்டிய அண்ணன்களும் ஒரே மேசையில் உட்கார்ந்து இப்படிப் பேசிக்கொள்வதைப் பார்க்கும் பெற்றோருக்கு வரும் முதல் சந்தேகம், இதில் காசு கைமாறுகிறதா என்பதுதான்.

நியாயமான சந்தேகம்தான். ஆனால் ஆட்டத்துக்கு உள்ளே நடக்கும் பண்டமாற்றில் ஒரு வெள்ளிகூடக் கைமாறுவதில்லை. பணம் புழங்குவது ஆட்டத்துக்கு வெளியே. பிள்ளைகள் ஏமாறுவதும் அங்கேதான். இந்த இரண்டையும் பிரித்துப் பார்க்க, பண்டமாற்று எப்படி நடக்கிறது என்பதைக் கொஞ்சம் தெரிந்துகொள்ள வேண்டும்.

போக்கிமோன் ஆட்டம் 1996-இல் ஜப்பானில் கேம் பாய் கருவியில் வெளிவந்தபோதே மாற்றிக்கொள்வதற்காகவே உருவாக்கப்பட்டது. சிவப்பு, பச்சை என இரண்டு பதிப்புகள் வந்தன. ஒன்றில் கிடைப்பது மற்றதில் கிடைக்காது. இரண்டு கருவிகளையும் ஒரு கம்பியால் இணைத்து நண்பனோடு மாற்றிக்கொண்டால்தான் தொகுப்பு நிறைவடையும். நியாண்டிக் நிறுவனம் உருவாக்கிய போக்கிமோன் கோ 2016 ஆகஸ்டு 6-ஆம் தேதி மலேசியாவுக்கும் சிங்கப்பூருக்கும் வந்தபோது அந்த வசதி அதில் இல்லை. சிங்கப்பூரில் ஹவ்காங் அவென்யூ 10, புளோக் 401 அருகே இரவு பகலாகக் கூட்டம் திரண்டது அந்த நாட்களில்தான். அத்தனை பேர் ஒரே இடத்தில் நின்றும், ஒருவர் பிடித்ததை மற்றவருக்குக் கொடுக்க வழியில்லை. 2018 ஜூன் மாதத்தில்தான் 'நண்பர்கள்' பட்டியலும் பண்டமாற்றும் சேர்ந்து வந்தன. வரும்போதே ஏகப்பட்ட தடைகளோடு வந்தன.

முதலில், இருவரும் ஆட்டத்தில் 10-ஆம் நிலையைத் தொட்டிருக்க வேண்டும். 12 இலக்கக் குறியீட்டைக் கொடுத்து நண்பர்களாகச் சேர்ந்திருக்க வேண்டும். மாற்றும் நேரத்தில் இருவரும் 100 மீட்டர் தூரத்துக்குள் இருக்க வேண்டும். சிறப்பு நாட்களில் இந்தத் தூரத்தைத் தளர்த்தியதும் உண்டு. ஆனால் விதியின் அடிப்படை எண்ணம் இதுதான்: கொடுப்பவரும் வாங்குபவரும் ஒரே இடத்துக்கு வந்து சேர வேண்டும்.

அடுத்தது செலவு. ஒவ்வொரு மாற்றத்துக்கும் 'ஸ்டார்டஸ்ட்' என்ற தூள் செலவாகும். இதைக் காசு கொடுத்து நேரடியாக வாங்க முடியாது. போக்கிமோன் பிடித்துப் பிடித்துத்தான் சேர்க்க வேண்டும். சாதாரணமான ஒன்றைப் பிடித்தால் 100 கிடைக்கும். இருவரிடமும் முன்பே இருந்த சாதாரண வகைகளை மாற்றிக்கொள்ள வெறும் 100 போதும். லெஜண்டரி, ஷைனி போன்ற அரியவற்றில், வாங்குபவரிடம் முன்பு இல்லாத ஒன்றைப் புதிய நண்பரிடமிருந்து பெற 10 லட்சம் தூள் வேண்டும். அதாவது 10,000 முறை பிடிக்க வேண்டும். எந்த மாணவனாலும் ஆகிற காரியமல்ல.

நட்பு முதிர முதிர இந்தச் செலவு சரிந்துவிடுகிறது. நட்புக்குப் பல படிகள் உண்டு. தினம் ஒரு முறை பரிசு அனுப்புவது, திறப்பது, சேர்ந்து ஆடுவது என 7 நாள் கணக்கு சேர்ந்தால் ஒரு படி, 30 நாளில் அடுத்தது, 90 நாளில் அதற்கும் அடுத்த படி. ஒரு நாளைக்கு எத்தனை முறை பரிசு திறந்தாலும் ஒரு நாள் கணக்குத்தான். 10 லட்சம் கேட்ட அதே மாற்றத்துக்கு 7 நாள் நட்பில் 8 லட்சம், 30 நாளில் 80,000, 90 நாளில் 40,000. வாங்குபவரிடம் ஏற்கெனவே பதிவான வகை என்றால் 20,000-லிருந்து 800 வரை இறங்கிவிடும். 800 தூள் எட்டுப் பிடிப்பில் கிடைத்துவிடும். நேற்றுப் பார்த்த ஆளுக்கு ஒரு விலை, மூன்று மாதம் பழகியவருக்கு ஒரு விலை. ஒட்டுக்கடைக்காரர் தெரிந்த முகத்துக்குக் கடன் கொடுப்பதைப் போலத்தான் இதுவும்.

இன்னும் மூன்று கட்டுப்பாடுகள் உள்ளன. மறுவிற்பனையைத் தடுப்பவை இவைதான். அரிய வகைகளை நாளொன்றுக்கு ஒரு முறைதான் மாற்றலாம். கம்யூனிட்டி டே போன்ற நாட்களில் மட்டும் எண்ணிக்கை சற்றுக் கூடும். ஒரு முறை கைமாறியதை மறுபடி யாருக்கும் மாற்ற முடியாது, கொடுத்தவருக்கேகூடத் திருப்பித் தர முடியாது. மூன்றாவது, மாற்றும்போது போக்கிமோனின் உள்பலம் குலுக்கல் முறையில் புதிதாக அமையும். முழுப் பலம் உள்ளது என்று சொல்லி ஒருவர் கொடுத்தது, வாங்குபவர் கைக்கு வரும்போது அரைப் பலத்தோடு நிற்கலாம். சில வேளைகளில் 'லக்கி' என்ற முத்திரையோடு பலம் கூடியும் வரும். அதை வளர்க்க ஆகும் தூள் பாதிதான். பிடித்து நாளானவற்றுக்கு இந்த வாய்ப்பு அதிகம் என்பதால், 2016-இல் பிடித்த சாதாரண வகைக்கும் இன்று கிராக்கி. பழைய கைப்பேசியோடு மறந்துபோன கணக்கைத் தோண்டி எடுத்துத் திரும்பி வரும் அண்ணன்களைச் சுற்றித் தம்பிகள் மொய்ப்பதற்குக் காரணம் இதுதான்.

மாற்றுவதில் தனி லாபங்களும் உண்டு. மச்சோக், ஹாண்டர் போன்ற சில வகைகளை மாற்றிக்கொண்டால், வழக்கமாகத் தேவைப்படும் 100 கேண்டி இல்லாமலேயே அடுத்த உருவம் எடுக்கும். இரண்டையும் பிடித்த இடங்களுக்கு இடையே 100 கிலோமீட்டருக்கு மேல் இருந்தால் கேண்டி கூடுதலாகக் கிடைக்கும். கோலாலம்பூரில் பிடித்ததைச் சிங்கப்பூரில் பிடித்ததோடு மாற்றினாலே அந்தத் தூரம் வந்துவிடும். சில வகைகள் குறிப்பிட்ட நிலப்பகுதிகளில் மட்டுமே காட்டில் தோன்றும். கங்காஸ்கான் ஆஸ்திரேலியாவில், மிஸ்டர் மைம் ஐரோப்பாவில். நம் பக்கம் போன்ற வெப்பமண்டல நாடுகளில் கிடைக்கும் கோர்சோலா அவர்களுக்குக் கிடைக்காது. மெல்பர்னில் படிக்கும் அக்கா விடுமுறைக்கு வரும்போது தம்பி சாக்லேட்டைக் கேட்பதற்கு முன் கங்காஸ்கானைக் கேட்கிறான் என்றால் வியப்பில்லை.

இவ்வளவும் நகரத்துப் பிள்ளைக்குச் சரி. தோட்டத்துப் பிள்ளையின் நிலை வேறு. இந்த ஆட்டம் நிஜ உலகின் இடங்களை நம்பி நடப்பது. கோயில், சிலை, சுவரோவியம், விளையாட்டுத் திடல் போன்றவைதான் 'போக்கிஸ்டாப்' ஆகின்றன. பந்தும் பரிசும் கிடைப்பது அங்கே. நகரத்தில் ஒரு தெருவுக்குள் பத்து இருக்கும். செம்பனைத் தோட்டத்தில் மைல்கணக்கில் நடந்தாலும் ஒன்றும் இருக்காது. தோட்டத்தில் பலரும் கூடும் கட்டடம் தமிழ்ப்பள்ளி. ஆனால் பிள்ளைகள் படிக்கும் பள்ளி வளாகங்களை போக்கிஸ்டாப் ஆக்குவதற்கு விதி இடம் தருவதில்லை. வீடுகளுக்கும் அப்படியே. மிஞ்சுவது மாரியம்மன் கோயிலும் திடலும் மண்டபமும். அவற்றையும் நிலை உயர்ந்த ஆட்டக்காரர் யாராவது படம் எடுத்துப் பரிந்துரைத்து, மற்ற ஆட்டக்காரர்கள் ஏற்றுக்கொண்டால்தான் வரைபடத்தில் தோன்றும். அப்படி ஒருவர் இல்லாத தோட்டத்தில், நூறு ஆண்டுப் பழைமையான கோயிலாக இருந்தாலும் ஆட்டத்தைப் பொறுத்தவரை அது வெறும் பச்சைத் தரைதான்.

ஆகப் பிடிக்கக் கிடைப்பது குறைவு, தூள் சேர்வதும் மெதுவு. பண்டமாற்று அதிகம் தேவைப்படுவது இந்தப் பிள்ளைக்குத்தான். அதற்கு 100 மீட்டர் விதி குறுக்கே நிற்கிறது. பேருந்து பிடித்துப் பட்டணத்துக்குப் போக வேண்டும், ஐந்து மணிக்குப் பின் பேரம் தொடங்கும்போது திரும்பும் பேருந்தின் நேரத்தைப் பார்க்க வேண்டும். ஒரு வழி மட்டும் திறந்திருக்கிறது. நட்புப் படி ஏற இருவருமே பரிசு அனுப்ப வேண்டியதில்லை. பட்டணத்து நண்பன் நாள் தவறாமல் அனுப்ப, தோட்டத்துப் பையன் வீட்டிலிருந்தபடியே திறந்தால் போதும். 90 நாள் கணக்கு இருவருக்கும் சேரும். பிறகு தீபாவளிக்கோ தைப்பூசத்துக்கோ நேரில் சந்திக்கும்போது 40,000 தூளில் காரியம் முடிந்துவிடும். பொறுமை உள்ளவர்கள் அப்படித்தான் செய்கிறார்கள்.

பொறுமை இல்லாதவர்களைத்தான் வெளிச்சந்தை குறிவைக்கிறது. சமூக ஊடகங்களில் ஷைனி இத்தனை வெள்ளி, முழுக் கணக்கு இத்தனை வெள்ளி என்று விற்பனை நடக்கிறது. ஆட்டத்தின் விதிப்படி இது தடை. கணக்கை விற்பதும் பகிர்வதும்கூட. மேலே சொன்ன தடைகளால் விற்பவருக்கும் பொருளைத் தூரத்திலிருந்து எளிதில் அனுப்பிவிட முடியாது. அதனால் இரண்டு வகைப் பேச்சு வரும். "முதலில் பணத்தைப் போடு, ஞாயிற்றுக்கிழமை நேரில் வந்து மாற்றித் தருகிறேன்" என்பது ஒன்று. "உன் கணக்கின் பெயரையும் கடவுச்சொல்லையும் கொடு, நானே உள்ளே போய்ப் பிடித்துத் தருகிறேன்" என்பது இன்னொன்று. முதலாவதில் போவது பணம். இரண்டாவதில் பல ஆண்டு உழைப்பும், அதே கடவுச்சொல்லை மின்னஞ்சலுக்கும் வைத்திருந்தால் அதற்கு மேலும் போகும். ஜிபிஎஸ்ஸை ஏமாற்றி வீட்டிலிருந்தே உலகம் சுற்றும் செயலிகளை நம்புகிறவர்களுக்கும் வேலி உண்டு: முதல் முறை 7 நாள் எச்சரிக்கை, அடுத்தது 30 நாள் தடை, மூன்றாவதில் கணக்கே நிரந்தரமாக மூடப்படும்.

பணம் தராத ஏமாற்றும் ஒன்று உண்டு, பெற்றோர் கண்ணில் அவ்வளவாகப் படாதது. வயதில் மூத்தவர் பளபளக்கும் சாதாரண வகை ஒன்றைக் காட்டி, சிறுவனின் அரிய லெஜண்டரியைக் கேட்பார். திரையில் இரண்டும் பக்கத்தில் பக்கத்தில் தெரியும், உறுதிசெய்யும் பொத்தானும் இருக்கும். அழுத்திய பின் திரும்பப் பெற வழியே இல்லை. கூட்டத்தில் யாராவது ஒரு நல்ல அண்ணன் "டேய், அதைக் கொடுக்காதே" என்று சொன்னால்தான் உண்டு.

இந்தப் பேச்சு இப்போது எழுவதற்குக் காரணம், கடை கைமாறியிருப்பது. நியாண்டிக் தன் விளையாட்டுப் பிரிவை 350 கோடி அமெரிக்க டாலருக்கு ஸ்கோப்லி நிறுவனத்துக்கு விற்பதாக 2025 மார்ச் மாதம் அறிவித்தது. மே மாதம் விற்பனை முடிந்தது. ஸ்கோப்லியின் உரிமையாளர் சவூதி அரேபியாவின் சாவி கேம்ஸ் குழுமம். ஸ்கோப்லியின் பெரிய வெற்றி 2023-இல் வந்த மோனோபொலி கோ. அதிலும் ஸ்டிக்கர் மாற்றிக்கொள்ளும் வழக்கம் உண்டு. ஆனால் அங்கே தூரக் கட்டுப்பாடு இல்லை. முகம் தெரியாதவரை நண்பராகச் சேர்த்து உலகின் எந்த மூலைக்கும் ஸ்டிக்கரை அனுப்பலாம். விளைவாக, ஸ்டிக்கரை நிஜப் பணத்துக்கு விற்கும் குழுக்கள் முகநூலில் பெருகின. வாங்கிக்கொண்டு பதிலுக்கு அனுப்பாமல் மறைகிறவர்களைப் பற்றிய புகார்களும் கூடவே பெருகின.

போக்கிமோன் கோவில் தூர விதியை முழுக்க எடுத்துவிட்டால் தோட்டத்துப் பிள்ளைக்கு உடனடி லாபம். அதே நாளில் வெளிச்சந்தைக்காரருக்கும் பாதை திறக்கும். தூரத்தை நெகிழ்த்தினாலும், 90 நாள் நட்பு, நாளுக்கு ஒன்று, மறுமாற்றம் இல்லை ஆகிய மூன்றையும் அப்படியே வைத்தால் சேதம் குறையும். புதிய முதலாளி எதை எடுப்பார், எதை வைப்பார் என்பதைத்தான் ஆட்டக்காரர்கள் கவனிக்க வேண்டும்.

இப்போதைக்கு வீட்டில் கேட்க வேண்டிய கேள்விகள் இரண்டு: கடவுச்சொல்லை யாருக்காவது கொடுத்தாயா, யாருக்காவது பணம் போட்டாயா? பணம் போயிருந்தால் தாமதிக்காமல் வங்கியையும், மலேசியாவில் 997 என்ற தேசிய மோசடி நடவடிக்கை மையத்தின் எண்ணையும், சிங்கப்பூரில் 1799 என்ற ஸ்கேம்ஷீல்டு எண்ணையும் அழைக்கலாம். முதன்முதலாக யாரையாவது நேரில் சந்திக்கப் போகிறான் என்றால் கூடவே போவது நல்லது. 100 மீட்டர் என்பது ஒரு மேசைக்கு எதிரெதிரே உட்கார வேண்டிய தூரமல்ல. அவர் பேரங்காடியின் அந்தப் பக்கம் இருக்கட்டும், பிள்ளை இந்தப் பக்கம் அப்பாவோடு ஐஸ் கச்சாங் சாப்பிட்டுக்கொண்டே மாற்றிக்கொள்ளலாம்.