காலத்தை வென்ற கனி

உண்டாரைச் சாவினின்று காக்கும் நெல்லிக்கனியை அதியமான் தான் உண்ணாது தமக்கு ஈந்ததை ஔவையார் புறநானூற்றின் 91ஆம் பாட்டில் போற்றுகிறார். உண்டவரும் ஈந்தவனும் இன்றில்லை. காலத்தை வென்றது கனியன்று, பாட்டே.

இதற்குத் திருகோணமலைத் துறைமுகத்தின் அருகே ஓங்கி நிற்கும் கோணமலையே சான்று. அங்கிருந்த பெருங்கோயிலைப் போர்த்துக்கேயர் 17ஆம் நூற்றாண்டில் இடித்தனர். தூண்கள் கடலடியில் கிடந்தன. 7ஆம் நூற்றாண்டில் சம்பந்தர் பாடிய பதிகமோ இடிபடவில்லை. 1963இல் குடமுழுக்குக் கண்ட புதுக்கோயிலிலும் அதுவே ஒலிக்கிறது.

ஆயினும் பாட்டும் ஒரு செடியே, ஓதுவாரின்றேல் பட்டுப்போகும். தேர்வுக்கென உருப்போட்டு மறுநாளே மறக்கும் மாணவனுக்குக் கனி கிட்டியும் சுவை கிட்டவில்லை. ஆசிரியர்கள் பொருளுணர்த்திப் பாடச் செய்க. கையிலுள்ள கனியைத் தாமே வைத்திராது அடுத்த தலைமுறைக்கு ஈவதன்றோ அதியமானின் வழி!