நோட்டீஸ் வந்தா முதல்ல கேட்க வேண்டிய கேள்வி

மயிலாப்பூர்ல எங்க தெருப் பெரியவர் ஒருத்தர் போன வாரம் ஒரு நோட்டீஸைத் தூக்கிக்கிட்டு வந்தார். கை நடுங்குது. பிபி 180/110. மொட்டைமாடி தகரக் கொட்டகையை ஏழு நாள்ல பிரிக்கணுமாம். "டாக்டர், நாளைக்கே ஹைகோர்ட் போகப்போறேன்"னு ஒரே புலம்பல்.

வாங்கிப் படிச்சேன். எந்தச் சட்டம், எந்தப் பிரிவு, ஒண்ணும் இல்ல. ஒரு கையெழுத்து, பாதி அழிஞ்ச சீல்.

கொட்டகை சரியா தப்பாங்கிறது ரெண்டாவது கேள்வி. அதைப் பிரிக்கச் சொல்ல இந்த ஆபீசுக்கு அதிகாரம் இருக்காங்கிறதுதான் முதல் கேள்வி. நாம எப்பவும் ரெண்டாவதுல இருந்தே ஆரம்பிக்கிறோம். அரசாங்க சீலைப் பார்த்தாலே முதுகு வளைஞ்சிடுது. (நானும் சீல் குத்துறவன்தான், தெரிஞ்சே சொல்றேன்.)

அந்தக் கேள்வியைக் கேட்காம விட்டா என்ன ஆகும்னு அரசு டாக்டர்கள் பட்டுத் தெரிஞ்சுக்கிட்டோம். அரசுப் பணியில இருக்கிற டாக்டர்களுக்கு மாநிலத்தோட முதுநிலைப் பட்ட இடங்கள்ல பாதி ஒதுக்கீடு இருந்துச்சு. இந்திய மருத்துவக் கவுன்சிலோட ஒழுங்குமுறை 9 அதுக்கு இடம் தரல. தொலைதூர சேவைக்கு ஊக்க மதிப்பெண் மட்டும்தான். 2016-ல உத்தரப் பிரதேச வழக்குல உச்ச நீதிமன்றம் அந்த விதியே முழுமையானதுனு சொல்லிடுச்சு. 2017-ல நம்ம ஒதுக்கீடும் போச்சு. எந்த ஊர் கஷ்டமான ஊர், எத்தனை மார்க்னு வருஷக்கணக்கா அடிச்சுக்கிட்டோம்.

அப்புறம் தமிழ்நாடு மருத்துவ அலுவலர்கள் சங்கம் அடிமடியிலயே கை வெச்சுது: இதை முடிவு பண்ண கவுன்சிலுக்கு அதிகாரம் ஏது? 2020 ஆகஸ்ட் 31, ஐந்து நீதிபதிகள் அமர்வு: கவுன்சிலோட வேலை கல்வித் தரத்தைப் பார்க்கிறது, அரசு டாக்டர்களுக்கு ஒதுக்கீடு தர்றது மாநில அரசோட அதிகாரம். 2016 தீர்ப்பு என்னாச்சு? அந்த வழக்குல இந்த அதிகாரக் கேள்வி எழவே இல்லைனு அமர்வே சொல்லிடுச்சு. கேட்காத கேள்விக்கு விலை நாலு வருஷம். அந்த பேட்ச் டாக்டர்களுக்குப் போனது போனதுதான்.

உடனே "கோர்ட்டுக்குப் போ"னு சொல்றவங்களுக்கு ஒண்ணு. வெறும் நோட்டீஸோட ரிட் போட்டா, "முதல்ல பதில் கொடுங்க"னு திருப்பி அனுப்புறதுதான் வழக்கம். அதிகாரமே இல்லாத நடவடிக்கைனா விதிவிலக்கு உண்டு. 1998 வேர்ல்பூல் வழக்குல உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆனா அதை நீங்க காட்டணும். அதுக்குத்தான் கடிதம்: எந்தச் சட்டம், எந்தப் பிரிவு, உங்களுக்கு இந்த அதிகாரத்தைக் கொடுத்த உத்தரவு எது, நகல் கொடுங்க. கூடவே கொட்டகை பத்தின உங்க பதிலையும் எழுதிடுங்க. கெடு முடியறதுக்குள்ள கொடுத்து, நகல்ல சீல் வாங்குங்க. சும்மா இருந்தா மேல்முறையீட்டு நாள் கணக்கு உங்களுக்காக நிக்காது.

"ஆபீசரைப் பகைச்சுக்கலாமா?"னு கேட்பீங்க. அதிகாரம் இருக்கிறவருக்கு இது ஒரு வரி பதில். கோபம் வருதுன்னா, ஏன் வருதுனு யோசிங்க.

பெரியவர் கடிதம் கொடுத்து சீல் வாங்கிட்டார். பதில் இன்னும் வரல. மாத்திரையை மட்டும் நிறுத்திடாதீங்கனு சொல்லியிருக்கேன்.